பத்தின் படிகளில் காவிரி

(டெல்டாப் பகுதியின் கிளை நூலகம் ஒன்றில் ஆற்றிய சொற்பொழிவின் அச்சு வடிவம்)



ஜூன் மாதம் நெருங்கிவிட்டால் நம் ஊரில் டீக்கடை பெஞ்சிலிருந்து கோயில் மண்டபம் வரை ஒரே பேச்சுதான். மேட்டூர் எத்தனை அடி? வரத்து எவ்வளவு? இருப்பு எத்தனை டி.எம்.சி.? பன்னிரண்டாம் தேதி திறப்பார்களா, குறுவைக்கு நாற்று விடலாமா? பள்ளிக்கூடம் பக்கமே போகாத பெரியவர்கூட, "இன்னும் நாப்பது டி.எம்.சி. வேணும்ப்பா" என்று கணக்காகச் சொல்வார். முப்பது ஆண்டுகளுக்கு மேல் கணக்கு வாத்தியாராக இருந்தவன் நான். இந்தப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மகிழ்ச்சியும் ஆதங்கமும் சேர்ந்தே வரும். இவ்வளவு பெரிய எண் இவ்வளவு சாதாரணமாக நம் வாயில் புழங்குகிறதே என்று மகிழ்ச்சி. அந்த மூன்றெழுத்துக்குள் எத்தனை சைபர் இருக்கிறது என்று கேட்டால், கல்லூரிக்குப் போகும் பேரன்கூடத் தயங்குகிறானே என்று ஆதங்கம்.

டி.எம்.சி. என்பது ஆயிரம் மில்லியன் கன அடி. ஆயிரம் என்பது பத்தை மூன்று முறை எழுதிப் பெருக்கினால் வருவது: 10³. மில்லியன் நம் கணக்கில் பத்து லட்சம். அது பத்தை ஆறு முறை பெருக்கியது: 10⁶. இரண்டையும் பெருக்கினால் பத்து மொத்தம் ஒன்பது முறை வந்து நிற்கிறது. ஆக 10⁹. பெருக்கும்போது அடுக்குகள் கூடுகின்றன, 3 + 6 = 9. இன்று நான் சொல்லப்போகும் கணக்கு முழுவதும் இந்த ஒரு வரியிலிருந்து கிளைப்பதுதான். ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி. அதை 'பில்லியன்' என்று சொல்லாமல் ஏன் 'ஆயிரம் மில்லியன்' என்று சுற்றி வளைத்தார்கள் என்று சின்ன வயதில் நான் யோசித்ததுண்டு. பிரிட்டனில் நெடுங்காலம் பில்லியன் என்றால் மில்லியன் மில்லியன், அதாவது 10¹². 1974-இல்தான் அந்நாட்டு அரசு 10⁹ என்ற பொருளுக்கு மாறியது. ஆகவே அக்காலப் பொறியாளர்களுக்கு 10⁹ என்பது ஆயிரம் மில்லியன்தான். அந்த வழக்கின் தடம் இன்றைக்கும் நம் டீக்கடையில் கிடக்கிறது என்றே நான் கருதுகிறேன். பிரான்சிலும் ஜெர்மனியிலும் இன்றைக்கு அந்தப் பழைய பொருள்தான். ஒரே சொல்லுக்குக் கடல் தாண்டினால் ஆயிரம் மடங்கு வித்தியாசம். 10⁹ என்று எழுதிவிட்டால் எந்த நாட்டிலும் அது 10⁹-தான்.

காவிரியில் நிற்கும் மேட்டூர் அணையின் முழுக் கொள்ளளவு 93.47 டி.எம்.சி. நீர்மட்டம் 120 அடி நிற்கும்போது இருப்பது. கன அடியில் எழுதினால் 9,347-க்குப் பின்னால் ஏழு சைபர். அதை இப்படி எழுதலாம்: 9.347 × 10¹⁰. ஒன்றுக்குக் குறையாத, பத்தைத் தொடாத ஓர் எண். பக்கத்தில் பத்தின் ஓர் அடுக்கு. பாடப்புத்தகத்தில் இதற்கு அறிவியல் குறியீடு என்று பெயர். பிள்ளைகள் பலரும் இதை 'சைபர் எழுத சோம்பேறித்தனப்பட்டவர்கள் கண்டுபிடித்த வழி' என்றே புரிந்துகொள்கிறார்கள். அப்படியல்ல என்று சொல்லத்தான் இன்று வந்தேன்.

ஒரு பேரெண்ணைப் பற்றி நாம் கேட்பது உண்மையில் இரண்டு கேள்விகள். எந்தப் படியில் நிற்கிறது? அந்தப் படியில் எவ்வளவு? வீட்டு விலாசத்தில் தெருவும் கதவு எண்ணும் போல. தெரு தப்பினால் கதவு எண் சரியாக இருந்து என்ன பயன்? சாதாரணமாக எண்ணை நீளமாக எழுதும்போது இந்த இரண்டும் ஒன்றோடொன்று கலந்து கிடக்கின்றன. 93470000000 என்று எழுதிக் காட்டினால், தெருவைக் கண்டுபிடிக்க விரலை வைத்து சைபர்களை எண்ண வேண்டியிருக்கிறது. அறிவியல் குறியீடு இரண்டையும் பிரித்து, பக்கத்தில் பக்கத்தில் வைக்கிறது.

இந்தப் பிரிப்பு நமக்குப் புதிதே அல்ல. பழைய தமிழ் எண்களைப் பாருங்கள். பத்துக்கு ௰, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனித்தனி எழுத்து. மேட்டூரின் அதே நான்கு இலக்கங்களை எடுத்து 9,347 என்பதைப் பழைய முறையில் எழுதினால் ௯௲௩௱௪௰௭. ஒன்பது ஆயிரம், மூன்று நூறு, நான்கு பத்து, ஏழு. வாயால் எப்படிச் சொல்கிறோமோ அப்படியே ஏட்டில். ஒவ்வொரு இலக்கத்தின் அருகிலும் அது நிற்கும் படியின் பெயர் எழுதப்பட்டிருக்கிறது. முப்பதைப் பத்தால் பெருக்க வேண்டுமா? ௩௰ என்பது ௩௱ ஆகும். மூன்று அப்படியே இருக்கும். படியின் பெயர் மட்டும் மாறும். லட்சத்துக்கு நூறாயிரம் என்ற பழைய சொல் இருக்கிறதே, அதை ௱௲ என்று எழுதினார்கள். நூறையும் ஆயிரத்தையும் அடுத்தடுத்து நிறுத்தினால் பெருக்கல் முடிந்துவிடுகிறது. 10² × 10³ = 10⁵ என்று இன்று எழுதுவதற்கும் அதற்கும் இடையில் இருப்பது ஒரே ஓர் அடிதான்: படிகளுக்குப் பெயர் வைப்பதை விட்டுவிட்டு எண் வைப்பது. பெயர் வைத்தால் எங்கோ ஓரிடத்தில் பெயர் தீர்ந்துபோகும். எண் தீராது.

ஒன்றுக்குக் கீழே மட்டும் நம் முன்னோர் பத்து பத்தாக இறங்கவில்லை. அரை, கால், அரைக்கால், மாகாணி என்று பாதி பாதியாக இறங்கினார்கள். முந்திரி என்றால் முந்நூற்றிருபதில் ஒன்று. நெல் அளக்கவும் நிலம் அளக்கவும் அது கைக்கு வாகாக இருந்திருக்கும். மேலே ஏறும் படிக்கட்டும் கீழே இறங்கும் படிக்கட்டும் வேறு வேறு உயரத்தில் இருந்ததால், இரண்டையும் இணைத்து ஒரே கணக்காக ஓட்ட முடியவில்லை.

பெயர் தீர்ந்துபோன சங்கடத்தை நேருக்கு நேர் சந்தித்தவர் ஆர்க்கிமிடீஸ். கிரேக்க மொழியில் எண்ணுக்கு இருந்த ஆகப் பெரிய பெயர் பத்தாயிரம். அதற்குமேல் 'மணலைப்போல எண்ணற்றது' என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். சிரக்யூஸ் நகரின் அரசன் கெலோனுக்கு அவர் எழுதிய சிறு நூல் 'மணல் கணக்கன்'. மணலை எண்ண முடியும், கடற்கரை மணலை மட்டுமல்ல, பிரபஞ்சம் முழுவதும் மணலைக் கொட்டி நிரப்பினாலும் அதை எண்ண முடியும் என்று அதில் வாதாடுகிறார். ஒரு கசகசா விதை அளவு இடத்தில் பத்தாயிரம் மணலுக்குமேல் இருக்காது என்று தொடங்குகிறார். விதையிலிருந்து விரல் அகலம், விரல் அகலத்திலிருந்து மைதானம், மைதானத்திலிருந்து பூமி, பூமியிலிருந்து நட்சத்திரக் கோளம் என்று ஏறிக்கொண்டே போகிறார். சூரியனை நடுவில் வைத்த அரிஸ்டார்க்கஸின் பெரிய பிரபஞ்சத்தையே இதற்கு எடுத்துக்கொள்கிறார். கடைசியில் அவர் சொல்லும் எல்லை, இன்றைய எழுத்தில் 10⁶³.

அந்த விடை எனக்குப் பெரிதாகப் படவில்லை. வழியில் அவர் செய்த ஒரு காரியம்தான் பெரிது. பத்தாயிரத்தைப் பத்தாயிரத்தால் பெருக்கி வரும் 10⁸-ஐ ஒரு புதிய அலகாக வைத்துக்கொண்டு, அதை வைத்து அடுத்த வரிசை, அதற்கடுத்த வரிசை என்று எண்களை அடுக்குகிறார். அப்படி அடுக்கிய இரண்டு எண்களைப் பெருக்கினால், விடை எந்த இடத்தில் விழும் என்பதை இடங்களைக் கூட்டியே சொல்லிவிடலாம் என்றும் காட்டுகிறார். நம்முடைய 3 + 6 = 9 அங்கே இருக்கிறது. அவருக்கு சைபர் தெரியாது, இடமதிப்பு முறை தெரியாது. மேலே சின்னதாக எழுதும் அடுக்கு எண் பிரெஞ்சுக் கணிதர் டெகார்ட்டின் 1637-ஆம் ஆண்டு நூல் வழியாகத்தான் பரவியது. ஆர்க்கிமிடீஸ் இறந்து பதினெட்டு நூற்றாண்டுகளுக்குப் பிறகு. ஒரு குறியீடும் கையில் இல்லாமல் அந்த மனிதர் இதை யோசித்திருக்கிறார் என்பதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் உடல் சிலிர்க்கிறது.

இனி வகுப்பறைக்கு வருவோம். "பத்தால் பெருக்கினால் பின்னால் ஒரு சைபர் போட்டுக்கோ." மூன்றாம் வகுப்பில் நாம் சொல்லிக்கொடுக்கும் மந்திரம் இது. பிள்ளையும் நம்புகிறது, மதிப்பெண்ணும் வருகிறது. இரண்டு மூன்று ஆண்டு கழித்துத் தசமப் புள்ளி வருகிறது. 2.5-ஐப் பத்தால் பெருக்கு என்றால் பிள்ளை 2.50 என்று எழுதுகிறது. நாம் கொடுத்த மந்திரத்தை ஓர் எழுத்து பிசகாமல் செய்திருக்கிறது. அதற்குத்தான் சிவப்பு மையில் தப்புப் போடுகிறோம். நானும் போட்டிருக்கிறேன். பிறகு ஒருநாள் வகுப்பில் நாற்காலிகளை வரிசையாகப் போட்டு, ஒன்று, பத்து, நூறு என்று அட்டை ஒட்டி, பிள்ளைகளையே இலக்கங்களாக உட்கார வைத்தேன். பத்தால் பெருக்கு என்றதும் எல்லோரும் அவரவர் இடப்பக்கம் ஒரு நாற்காலி நகர வேண்டும். 25 நகர்ந்தால் ஒன்றாம் இடம் காலியாகும். அந்த இடத்தைக் காக்க ஒரு சைபர் வந்து உட்காரும். 2.5 நகர்ந்தால் இரண்டு பத்தாம் இடத்துக்கும் ஐந்து ஒன்றாம் இடத்துக்கும் போகும். காலி நாற்காலியே இல்லை. சைபருக்கு வேலை இல்லை. விடை 25. புள்ளியும் நகரவில்லை. அது ஒட்டிவைத்த இடத்திலேயே இருக்கிறது, நகர்ந்தது இலக்கங்கள். அன்றைக்குப் பிறகு அந்த வகுப்பில் 2.50 வரவே இல்லை. தசமப் புள்ளிக்கு அந்தப் பக்கமும் அதே நாற்காலி வரிசைதான் தொடர்கிறது என்று கண்டுகொண்ட பிள்ளைக்கு, பத்தில் ஒன்று 10⁻¹, நூறில் ஒன்று 10⁻² என்று பிறகு சொல்லும்போது வியர்க்காது.

இப்போது காவிரிக்குத் திரும்புகிறேன். வரத்து வினாடிக்கு ஒரு லட்சம் கன அடி என்று செய்தி வருகிறது. ஒரு நாள் அப்படியே வந்தால் எத்தனை டி.எம்.சி. சேரும்? ஒரு நாளுக்கு 86,400 வினாடி, அதாவது 8.64 × 10⁴. லட்சம் 10⁵. பெருக்கினால் அடுக்குகள் கூடி 8.64 × 10⁹. பத்தின் ஒன்பதாம் அடுக்குதான் டி.எம்.சி. ஆகவே விடை 8.64 டி.எம்.சி. காகிதம் தேவைப்படவில்லை. சொட்டு நீர் திறக்காமல் வைத்திருந்தால் வெறும் அணையும் பதினோரு நாளில் நிரம்பிவிடும். தலைகீழாகவும் போகலாம். 10⁹-ஐ 8.64 × 10⁴-ஆல் வகுத்தால் 11,574. வினாடிக்கு 11,574 கன அடி ஒரு நாள் முழுக்க ஓடினால் ஒரு டி.எம்.சி. பொதுப்பணித் துறையில் வேலை பார்த்தவர்கள் இந்த எண்ணை மனப்பாடமாகச் சொல்வார்கள்.

2018 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் கர்நாடகம் பிலிகுண்டுலுவில் ஆண்டுக்கு 177.25 டி.எம்.சி. தர வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. நாளிதழில் அதற்குப் பக்கத்திலேயே வினாடிக்கு இத்தனை கன அடி என்றும் செய்தி வருகிறது. இரண்டையும் எப்படி ஒப்பிடுவது? ஓர் ஆண்டுக்கு 3.15 × 10⁷ வினாடி. 1.77 × 10¹¹-ஐ அதனால் வகுக்கிறோம். வகுக்கும்போது அடுக்குகள் கழிகின்றன: 11 − 7 = 4. 1.77-ஐ 3.15-ஆல் வகுத்தால் 0.56. ஆக 0.56 × 10⁴, அதாவது 5,600. ஆண்டு முழுவதும் சராசரியாக வினாடிக்கு 5,600 கன அடி. வழக்கறிஞர் வாதத்திலும் மேடைப் பேச்சிலும் மிதந்த ஓர் எண், வாய்க்காலில் ஓடும் தண்ணீராகக் கண்ணுக்குத் தெரிகிறது. நம் வயலுக்கு வரும் நீரைப் பற்றிய வாதம் இது. இந்தச் சின்ன வகுத்தலைச் செய்யத் தெரிந்த விவசாயியை யாரும் எண்ணைக் காட்டி மிரட்ட முடியாது.

குறியீட்டின் முன்பாதியைப் பற்றியும் சொல்ல வேண்டும். 93.47 என்று நான்கு இலக்கம் எழுதினால், கடைசி இலக்கத்தின் அளவுக்கு எனக்குத் தெரியும் என்று உறுதி கொடுக்கிறோம் என்று பொருள். அந்த ஏழின் இடத்தில் ஒன்று கூடினால் 0.01 டி.எம்.சி., அதாவது ஒரு கோடி கன அடி. அணையில் அன்றாடம் அளப்பது நீர்மட்டத்தின் உயரத்தை. அந்த உயரத்துக்கு இவ்வளவு கொள்ளளவு என்று அட்டவணை பார்த்து இருப்பைச் சொல்கிறார்கள். அணை கட்டி முடித்தது 1934-இல். அதற்குப் பிறகு அடியில் படிந்த வண்டலும் இடத்தை அடைத்துக்கொண்டிருக்கிறது. அதை நினைத்தால் 9.3 × 10¹⁰ என்று எழுதுவதுகூடத் துணிச்சல்தான். அறிவியல் குறியீட்டில் எனக்கு மிகவும் பிடித்தது இந்த நேர்மை. 93,000,000,000 என்று எழுதும்போது பின்னால் வரும் சைபர்களில் எது அளந்து வந்த சைபர், எது இடத்தை நிரப்ப வந்த சைபர் என்று தெரியாது. 9.3 × 10¹⁰ என்றால் இரண்டு இலக்கம் தெரியும் என்கிறேன். 9.30 × 10¹⁰ என்றால் மூன்று தெரியும் என்கிறேன். அந்த ஒற்றைச் சைபர் ஒரு வாக்குமூலம்.

தெரு தப்புவதற்கும் ஓர் உதாரணம் சொல்கிறேன். 2023 செப்டம்பர் 2 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து சூரியனை ஆராயும் விண்கலம் ஆதித்யா எல்-1 கிளம்பியது. அதன் திட்ட இயக்குநராக இருந்த நிகார் ஷாஜி நம் செங்கோட்டைக்காரர். ஊரெல்லாம் பெருமை. அப்போது என்னிடம் பலரும் கேட்டார்கள்: "சார், சூரியன்கிட்ட போனா எரிஞ்சு போயிடாதா?" ஆதித்யா போய்ச் சேர்ந்த இடம் பூமியிலிருந்து 15 லட்சம் கிலோமீட்டர். சூரியன் இருப்பது சுமார் 15 கோடி கிலோமீட்டரில். லட்சம், கோடி இரண்டும் காதுக்குப் பெரிய சொற்கள்; இரண்டிலும் பதினைந்து. கேட்பவருக்குக் கிட்டத்தட்ட ஒன்றாகவே படுகிறது. மீட்டரில் எழுதிப் பாருங்கள். ஆதித்யா 1.5 × 10⁹. சூரியன் 1.5 × 10¹¹. முன்பாதி ஒன்றே. அடுக்கில் இரண்டு படி வித்தியாசம், அதாவது நூறு மடங்கு. நூறு அடி தூரத்தில் அடுப்பு எரிந்தால், ஆதித்யா ஓரடி எடுத்து வைத்திருக்கிறது. ஒளியின் வேகம் வினாடிக்கு 3 × 10⁸ மீட்டர்; வகுத்தால் ஆதித்யாவின் சமிக்ஞை ஐந்து வினாடியில் நம்மை எட்டும், சூரிய ஒளி எட்ட ஐந்நூறு வினாடி ஆகும்.

லட்சம் கோடி என்ற சொல்லும் இப்படித்தான் காதை மழுங்க வைக்கிறது. பட்ஜெட் நாளில் சர்வசாதாரணமாக அடிபடும். அது 10⁵ × 10⁷ = 10¹². வினாடியாக வைத்துப் பாருங்கள். ஒரு லட்சம் வினாடி ஒரு நாளும் நான்கு மணி நேரமும் கூட ஆகாது. ஒரு கோடி வினாடி நான்கு மாதத்துக்குச் சற்றுக் குறைவு. ஒரு குறுவை விளைந்துவிடும். நூறு கோடி வினாடி முப்பத்தோரு ஆண்டு எட்டு மாதம், ஒரு தலைமுறை. லட்சம் கோடி வினாடி முப்பத்தோராயிரத்து எழுநூறு ஆண்டு. நெல் என்ற பயிரை மனிதன் விதைக்கத் தொடங்குவதற்கும் வெகு முன்னால் போய்விடுகிறோம்.

கடைசியாக ஒரு கணக்கு. இதை ஒவ்வோர் ஆண்டும் பத்தாம் வகுப்பின் கடைசி நாளில் பிள்ளைகளோடு போடுவேன். ஒரு சிறிய டம்ளரில் 180 கிராம் தண்ணீர். பதினெட்டு கிராம் தண்ணீரில் 6.02 × 10²³ மூலக்கூறுகள். அவகாட்ரோ எண் என்பது இதுதான். 2019 மே 20 முதல் அதன் மதிப்பை 6.02214076 × 10²³ என்று உலகம் முழுவதும் நிலையாக வரையறுத்துவிட்டார்கள். நம் டம்ளரில் அதைப்போலப் பத்து மடங்கு. பத்தால் பெருக்கினால் அடுக்கு ஒன்று கூடும்: 6.02 × 10²⁴.

இந்த டம்ளர் தண்ணீரின் ஒவ்வொரு மூலக்கூறுக்கும் ஒரு பொட்டு வைத்து அடையாளம் செய்ய முடிந்தது என்று வைத்துக்கொள்வோம். நிரம்பித் ததும்பும் மேட்டூரில் அதைக் கொட்டி, அணை முழுவதும் சீராகக் கலக்கிவிடுகிறோம். பிறகு ஏதாவது ஓர் ஓரத்தில் அதே டம்ளரால் ஒரு டம்ளர் மொள்கிறோம். பொட்டு வைத்த மூலக்கூறு அதில் ஒன்றாவது கிடைக்குமா? பிள்ளைகள் பெரும்பாலும் "கிடைக்காது சார்" என்பார்கள்.

ஒரு கன அடிக்கு 28.3 லிட்டர். 9.35 × 10¹⁰-ஐ அதனால் பெருக்கினால் 2.65 × 10¹² லிட்டர். ஒரு டம்ளர் 0.18 லிட்டர். ஆக அணையில் இருப்பது 1.47 × 10¹³ டம்ளர். 6.02 × 10²⁴ மூலக்கூறுகளை இத்தனை டம்ளருக்கும் பங்கு வைக்கிறோம். 24-இல் 13 போனால் 11. ஆறை ஒன்றரையால் வகுத்தால் நாலு. டம்ளருக்கு 4.1 × 10¹¹. நாற்பத்தோராயிரம் கோடி.

வகுப்பு அப்போது அமைதியாகிவிடும். ஓர் ஆண்டு பின்பெஞ்சிலிருந்து ஒரு பெண் எழுந்து, "சார், கடல்ல ஊத்தினா?" என்று கேட்டாள். அவளையே கரும்பலகைக்கு அழைத்தேன். உலகக் கடல்கள் எல்லாம் சேர்ந்து 1.33 × 10²¹ லிட்டர் என்ற ஒன்றை மட்டும் சொன்னேன். 0.18-ஆல் வகுத்தாள்: 7.4 × 10²¹ டம்ளர். கீழே கோடு போட்டாள். 24-இல் 21 போனால் 3. ஆறை ஏழரையால் வகுத்தால் 0.8. சாக்பீஸைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் அந்த விடையையே பார்த்துக்கொண்டு நின்றாள். எந்தக் கடற்கரையில் மொண்டாலும், அந்த ஒரு டம்ளரில் நம் பொட்டு வைத்த மூலக்கூறுகள் ஏறத்தாழ எண்ணூறு இருக்கும்.